பெயர், தகப்பன் பெயர், தோட்டம்

இடம்பெயர்ந்தவர்களைப் பற்றிய ஆவணப்படங்களில் வருகிற ஒரு காட்சி எனக்கு ஒத்துவராமல் போய் ரொம்ப நாளாகிறது. வயதானவர் ஒருவரை ஜன்னல் பக்கம் நாற்காலி போட்டு உட்காரவைப்பார்கள். ஒரு பக்கம் மட்டும் வெளிச்சம், முந்தானையில் சின்ன மைக், காமிராவுக்குப் பின்னாலிருந்து தணிந்த குரலில் ஒரு கேள்வி: "உங்க சொந்த ஊர் எதும்மா?" அவர் பேச ஆரம்பிப்பார். எங்கேயோ ஓரிடத்தில் குரல் கம்மும். அதற்காகவே காத்திருந்த காமிரா கொஞ்சம் நெருங்கும். அடுத்து ஒரு பழைய போட்டோ, அப்புறம் கடல். எந்த நாட்டில் எடுத்த படமானாலும் இந்த வரிசை பெரும்பாலும் மாறுவதில்லை. நானும் ஆவணப்படம் எடுப்பவன்தான். இது ஏன் எடுபடுகிறது என்று எனக்குத் தெரியும். பார்ப்பவருக்கு ஒரு முகம் வேண்டும். அந்த முகம் தன் கதையைத் தானே சொல்ல வேண்டும், வேறொருவர் குரல் குறுக்கே வரக் கூடாது. நியாயமான ஆசைதான். ஆனாலும் சில மக்களை அந்த நாற்காலியில் உட்காரவைக்கவே கூடாது என்ற எண்ணம் எனக்குள் வலுத்துக்கொண்டே வருகிறது. அதை ஒருமுறை எழுதிப் பார்த்துவிடலாம் என்று தோன்றியது.

நீலகிரியில் கூடலூர், பந்தலூர்ப் பக்கம் ஒரு படத்துக்காகப் போய்வந்துகொண்டிருக்கிறேன். சிலோனிலிருந்து வந்தவர்கள் என்றதும் நம்மில் பலருக்கு 1983-க்குப் பிறகு படகில் வந்த அகதிகள்தான் நினைவுக்கு வருவார்கள். நான் படம் எடுப்பது அதற்கு முன்பே, கையில் இந்தியப் பாஸ்போர்ட்டோடு கப்பலில் வந்திறங்கிய தோட்டத் தொழிலாளர்களைப் பற்றி. 1964 அக்டோபர் 30 அன்று சிலோனும் இந்தியாவும் கையெழுத்திட்ட சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தப்படி 'தாயகம் திரும்பியோர்' ஆனவர்கள். இவர்களில் பெரும்பாலானவர்கள் அங்கேயே பிறந்தவர்கள், கப்பலை விட்டு இறங்கும்வரை இந்தியாவைக் கண்ணால் பார்த்திராதவர்கள். சென்னையில் ரெப்கோ வங்கிப் பலகையைத் தினமும் தாண்டிப் போகிறவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும், அது பர்மாவிலிருந்தும் சிலோனிலிருந்தும் திரும்பியவர்களுக்காக 1969-ல் தொடங்கிய கூட்டுறவு வங்கி என்று? நாலு லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் வந்து சேர்ந்த ஒரு பெரும் நகர்வு, நம் கண்ணெதிரே நடந்தும் நம் நினைவில் தங்கவில்லை. எனக்கு அது பொறுக்கவில்லை. படம் தொடங்கியது அதனால்தான்.

நான் அதிகம் பழகியது ஒரு அம்மாவிடம். பெயர் வேண்டாம். சிலோன் மலைநாட்டில் தலவாக்கலைப் பக்கம் ஒரு தோட்டத்தில் பிறந்தவர். எழுபதுகளின் நடுவில், தோட்டங்களில் பஞ்சம் வாட்டிய காலத்தில், புருஷனோடும் கைக்குழந்தையோடும் புறப்பட்டவர். மலைநாட்டு ஸ்டேஷன்களிலிருந்து, கப்பல் புறப்படும் தலைமன்னாருக்கு ஆட்களை ஏற்றிக்கொண்டு கிளம்பும் ரயிலை அங்கே ஒப்பாரிக் கோச்சி என்பார்களாம். பிளாட்பாரத்தில் நிற்பவர்களும் ஏறியவர்களும் ஒன்றாக அழுவதால் வந்த பெயர். அந்தக் கோச்சியில் வந்து, கப்பலேறி, மண்டபம் முகாமில் இருந்து, அங்கிருந்து நீலகிரிக்கு அனுப்பப்பட்டார். இன்று டேன்டீ என்று நாம் சொல்லும் அரசுத் தேயிலைத் தோட்டமே இந்த மக்களுக்கு வேலை கொடுக்கத் தொடங்கியதுதான். 1968-ல் வனத்துறையின் ஒரு திட்டமாக ஆரம்பித்து எழுபதுகளின் நடுவில் தனிக் கழகமானது. வந்தவர்கள் வந்ததும் கொழுந்து பறிக்கவில்லை. பறிக்கச் செடி இருந்தால்தானே? காட்டை வெட்டி, குழி எடுத்து, நாற்று நட்டு, மழையிலும் அட்டைக்கடியிலும் கிடந்து அதை வளர்த்த பிறகுதான் கொழுந்து. "இந்தா தெரியுதே, இந்தப் பக்கத்து மலை பூரா நாங்க நட்டது தம்பி" என்பார், காய்கறிக் கணக்குச் சொல்வதுபோல. அவர் ஓய்வு பெற்று வருஷங்கள் ஆகின்றன. ஓய்வு பெற்றவர்கள் லயன் வீட்டை, அதாவது தோட்டம் கொடுக்கும் வரிசை வீட்டை, காலி செய்ய வேண்டும். மருமகள் தோட்டத்தில் வேலையில் இருக்கும்வரைதான் அந்த வீட்டில் அவருக்கும் இடம்.

நாற்காலி

அடுப்படியில் உட்கார்ந்தால் அந்த அம்மாவின் பேச்சுக்கு நிறுத்தமே கிடையாது. கங்காணி வீட்டுக் கல்யாணத்தில் யார் யாருக்குப் பந்தியில் இடம் கொடுக்கவில்லை, துரை பங்களா நாய்க்கு எத்தனை வேளை இறைச்சி, விடியற்காலையில் பிரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் எடுக்க, கூப்பிடும் தப்புச் சத்தம் கேட்டும் எழுந்திருக்காத சித்தப்பாவைக் கணக்கப்பிள்ளை என்ன சொல்லித் திட்டினார், எல்லாம் குரல் மாற்றி நடித்துக் காட்டுவார். இதையெல்லாம் ஒருநாள் ஒழுங்காகப் பதிவு செய்துவிட வேண்டும் என்று ஒலிப்பதிவு செய்யும் நண்பரையும் அழைத்துக்கொண்டு போனேன். அந்தப் பக்கத்து மழையில் தகரக் கூரைக்குக் கீழே எதையும் பதிவு செய்ய முடியாது. மழை விட்ட ஒரு காலையில் வாசல் திண்ணையில் நாற்காலி போட்டோம். அம்மா குளித்து, மடிப்புக் கலையாத புடவை கட்டிக்கொண்டு வந்தார். நாற்காலியில் சாய்ந்து உட்காரவில்லை. நுனியில் உட்கார்ந்து, இரண்டு பாதங்களையும் சேர்த்து வைத்து, கைகளை முழங்கால்மேல் வைத்துக்கொண்டார். நான், "உங்களைப் பத்திக் கொஞ்சம் சொல்லுங்கம்மா" என்றேன்.

பெயரைச் சொன்னார். தகப்பனார் பெயரைச் சொன்னார். தோட்டத்தின் பெயர், அதில் எந்தப் பிரிவு, எத்தனையாம் நம்பர் லயம், அதில் எத்தனையாவது காம்பிரா, அதாவது அறை. தாயார் பெயர், அவர் இறந்த வருஷம். புருஷன் பெயர். கப்பலேறிய தேதி. மண்டபத்தில் இறங்கிய தேதி. அப்புறம் முகாமில் கொடுத்த குடும்ப அட்டையின் எண்ணை, ஒவ்வோர் இலக்கமாக நிறுத்தி நிறுத்தி, எழுதிக்கொள்ள அவகாசம் கொடுத்துச் சொன்னார். அதுவரை நான் கேட்டிராத குரல் அது. மேடு பள்ளம் இல்லாமல், நிதானமாக, எங்கேயும் தடுக்காமல் வந்தது. முடித்ததும் என்னைப் பார்க்கவில்லை, காமிராவைப் பார்த்தார். "போதுமாங்க?" என்றார். அத்தனை நாளாக என்னைத் தம்பி என்று கூப்பிட்டவர் அன்று நாற்காலியில் இருந்தவரை ஒருமுறைகூடத் தம்பி என்று சொல்லவில்லை. நாங்கள் கேட்காமலே, மடியில் வைத்திருந்த பிளாஸ்டிக் பையிலிருந்து லேமினேட் செய்த அந்த அட்டையை எடுத்துக் காமிராவுக்கு நேராகப் பிடித்தார். வாசற்படியில் நின்றிருந்த பேரன், "அப்பாயி, இது ஆபீஸ் இல்ல, சினிமா எடுக்கிறாங்க" என்று சிரித்தான். அவர் சிரிக்கவில்லை. நாங்கள் அட்டையைப் பார்த்து முடிக்கும்வரை கையைக் கீழே இறக்கவும் இல்லை.

அவர் பயந்துவிட்டார் என்று ஒலிப்பதிவு நண்பர் நினைத்தார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பயந்தவர் தடுமாறுவார். இவருக்கு இது நன்றாகப் பழகிய வேலை. எதிரே ஒருவர் உட்கார்ந்துகொண்டு 'உன்னைப் பற்றிச் சொல்' என்று கேட்டால் என்ன சொல்ல வேண்டும், எந்த வரிசையில் சொல்ல வேண்டும், எங்கே காகிதத்தை நீட்ட வேண்டும் என்பதையெல்லாம் அவருக்கு அவர் அப்பாவே சொல்லிக் கொடுத்திருக்கிறார். 1948-ல் சுதந்திரம் கிடைத்த கையோடு சிலோன் கொண்டுவந்த குடியுரிமைச் சட்டம் தோட்டத் தமிழர்களை நாடற்றவர்களாக்கியது. அடுத்த வருஷம் வந்த இன்னொரு சட்டம், வேண்டுமானால் விண்ணப்பிக்கலாம் என்றது. கல்யாணமானவர் ஏழு வருஷமும் ஆகாதவர் பத்து வருஷமும் விடாமல் அங்கேயே இருந்ததை நிரூபிக்க வேண்டும். லயத்துக் காம்பிராவில் பிறந்து, மலையைத் தாண்டிப் போகாத ஒருவர் தான் அங்கேயே இருந்ததற்கு எதைக் காட்டுவார்? எட்டு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்காக விண்ணப்பங்கள் போயின. குடியுரிமை கிடைத்தது ஏறக்குறைய 1,34,000 பேருக்கு. இந்த அம்மாவின் அப்பா கிடைக்காதவர்களில் ஒருவர். விசாரணைக்குப் போய்வந்த நாளில் அவர் வீட்டில் யாரோடும் பேசவில்லையாம்; ஒரு தேதியை மாற்றிச் சொல்லிவிட்டதாகக் கடைசிவரை மருகிக்கொண்டே இருந்தாராம்.

1964 ஒப்பந்தம் 9,75,000 பேரைப் பங்கு போட்டது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் சிலோனுக்கு, மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டார்கள். 1974-ல் அந்த மிச்சத்தையும் ஆளுக்கு 75,000 என்று பிரித்துக்கொண்டார்கள். அந்த மக்களின் தலைவர்களைக் கலந்து பேசாமல் இரண்டு அரசுகள் முடித்துக்கொண்ட கணக்கு இது. இந்த அம்மாவின் அண்ணன் குடும்பம் அங்கே நின்றது, இவர் இங்கே வந்தார். மறுபடியும் விண்ணப்பம், கண்டியில் இந்தியத் தூதரக அலுவலகத்தில் வரிசை, போட்டோ, கைரேகை. அதன் பிறகு மண்டபம். வெள்ளைக்காரர் காலத்தில் சிலோனுக்குப் போகும் கூலிகளை நோய்த்தடுப்புக்காக நிறுத்திவைத்துப் பெயர் பதிந்து அனுப்பிய முகாம் அதுதான். தாத்தாவின் பெயரை எழுதிக்கொண்டு அனுப்பிய இடத்திலேயே பேத்தியின் பெயரையும் எழுதிக்கொண்டார்கள். அதற்குப் பிறகு போர் அகதிகளின் பெயர்களையும் அங்கேதான் எழுதினார்கள். வாழ்நாள் முழுக்க இவரை எதிரில் நிறுத்தி 'நீ யார்' என்று கேட்ட ஒவ்வொருவர் கையிலும், இவர் எங்கே இருக்கலாம் எங்கே இருக்கக் கூடாது என்று முடிவு செய்யும் அதிகாரம் இருந்திருக்கிறது. இப்போது நானும் ஒரு கருவியோடு எதிரில் உட்கார்ந்து அதையே கேட்டால், அவர் வேறென்ன சொல்வார்?

அன்றிலிருந்து நேர்காணல் காட்சி வந்தாலே அதன் அமைப்புதான் எனக்குக் கண்ணில் படுகிறது. கேட்பவர் முகம் தெரியாது, சொல்பவர் முகம்மட்டும் வெளிச்சத்தில் இருக்கும். கேட்பவருக்கு அடுத்த கேள்வி தெரியும், சொல்பவருக்குத் தெரியாது. சொல்வதில் எதை வைத்துக்கொள்வது, எதை வெட்டுவது என்பதும் கேட்பவர் இஷ்டம். விசாரணை அறைக்கும் இதற்கும் நோக்கத்தில் எவ்வளவோ தூரம் இருக்கிறது, அதை நான் மறுக்கவில்லை. உட்காரவைக்கும் முறையில் அவ்வளவு தூரம் இல்லை. சான்று கேட்கும் பழக்கமும் நம்மை விட்டுப் போகவில்லை. இந்தக் காட்சியைப் பற்றி ஒரு நண்பரிடம் சொன்னபோது அவர் முதலில் கேட்டது, "அழுதாங்களா?" நல்ல மனிதர், அக்கறையோடுதான் கேட்டார். ஆனால் இழப்பைப் பற்றிய படங்களில் கண்ணீர் ஒரு அத்தாட்சிப் பத்திரமாகிவிட்டது. அது கிடைத்தால்தான் நாம் நம்புகிறோம். அந்த அம்மா அட்டையை நீட்டினார்; நாம் கண்ணீரை எதிர்பார்த்து உட்கார்ந்திருக்கிறோம்.

கையும் முதுகும்

சரி, உட்காரவைத்துக் கேட்காவிட்டால் வேறு எப்படி எடுப்பது? வேலை செய்யும்போது எடுக்கலாம் என்பதுதான் எவருக்கும் உடனே தோன்றும். அங்கேயும் ஒரு சிக்கல் இருக்கிறது. தேயிலைத் தொழிலாளர்களின் படத்துக்கு உலகில் பஞ்சமே இல்லை. முதுகில் கூடையோடு, பச்சை மலைச்சரிவில், சிரித்துக்கொண்டு நிற்கும் பெண்ணைத் தேயிலைப் பாக்கெட்டிலும் தபால் அட்டையிலும் நூறு வருஷமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். ஆவணப்பட வரலாற்றில் இன்றும் கொண்டாடப்படும் 'சாங் ஆஃப் சிலோன்', 1934-ல் சிலோன் தேயிலைப் பிரசார வாரியத்தின் பணத்தில் பேசில் ரைட் எடுத்தது. அழகான படம், ஒலியைக் காட்சியோடு மோதவிட்ட விதத்தை இப்போது பார்த்தாலும் பாடம் படிக்கலாம். அதில் நாம் கேட்கும் விவரணை, கண்டி அரசிடம் சிறைப்பட்டிருந்த ஆங்கிலேய மாலுமி ராபர்ட் நாக்ஸ் எழுதி 1681-ல் வெளிவந்த புத்தகத்திலிருந்து எடுத்தது. வணிகம் பற்றிய பகுதியில் ஒலிப்பது சந்தை விலையும் கப்பல் சேதியும். கொழுந்து பறிக்கும் கைகள் தெரியும்; அந்தக் கைக்காரர்கள் என்ன பேசிக்கொண்டு பறித்தார்கள் என்று படத்துக்குத் தெரியாது. ஆக, காகிதத்தில் இந்த மக்கள் பதில் சொல்லும் வாயாகமட்டும் இருந்தார்கள், திரையில் பறிக்கும் கையாகமட்டும். இரண்டையும் ஒரே ஆளிடம் ஒரே நேரத்தில் எடுத்த படம் என் கண்ணில் அதிகம் படவில்லை. அதைத்தான் எடுக்க வேண்டும் என்று தோன்றியது.

லயன் வீட்டுக்குப் பின்னால், பாதையோரம், சில தேயிலைச் செடிகள் ஆள் உயரத்துக்குக் கவ்வாத்து இல்லாமல் வளர்ந்து நிற்கும். அதற்கு அந்தப் பக்கம் ஒழுங்காக வெட்டிய மட்டத்தில் தோட்டம் ஆரம்பிக்கும். ஒரு மத்தியானம் அம்மா விறகு பொறுக்கிக்கொண்டு அந்தப் பக்கம் போனார், நானும் சின்னக் காமிராவோடு கூடவே நடந்தேன். தோட்டத்து ஓரச் செடியருகில் வந்ததும் விறகைக் கீழே போட்டுவிட்டுப் பறிக்க ஆரம்பித்தார். யாரும் பறிக்கச் சொல்லவில்லை. இரண்டு இலையும் குருத்துமாக, இரண்டு கையும் மாறி மாறி, பார்வை செடியில் இல்லை. பேசிக்கொண்டே எதிர்மலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். உள்ளங்கை நிறைந்ததும் வலது கை தோளுக்கு மேலே போய்ப் பின்னால் வீசியது. முதுகில் கூடை இல்லை. கொழுந்து பாதையில் விழுந்தது. அவர் திரும்பிப் பார்க்கவில்லை, அடுத்த பிடிக்குப் போய்விட்டார். மறுபடியும் கை நிறைந்தது, மறுபடியும் தோளுக்கு மேல் வீசினார். இப்படியே செடி வரிசையின் கடைசிவரை. வேலையை விட்டு இத்தனை வருஷமாகியும், முதுகில் கூடை இருக்கிறது என்றுதான் அந்தக் கை நம்பிக்கொண்டிருந்தது.

பறித்துக்கொண்டே அவர் சொன்னதுதான் முக்கியம். எதிரே தெரிந்த சரிவைக் காட்டி, "அங்க ஆறாம் நம்பர் மலை இதே தினுசுதான். பள்ளத்துல ஓடையிருக்கும். ஓடைக்கு மேல எங்க அண்ணன் கவ்வாத்து வெட்டும்போது வழுக்கி விழுந்து கத்தி தொடையில ஏறிருச்சு" என்றார். இன்னும் கொஞ்சம் நகர்ந்ததும், மட்டக்கம்பைச் செடிமேல் போட்டு அளவு பார்ப்பதுபோல் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு, மட்டம் தவறினால் அரைப் பேர் போட்டுவிடும் கணக்கப்பிள்ளையைப் பற்றிச் சொன்னார். அதாவது, நாள் முழுக்க வேலை செய்தவருக்கு அரை நாள் சம்பளம். இப்போது கத்தரி வைத்துப் பறிக்கிறார்கள், முற்றின இலையும் சேர்ந்து வருகிறது, இது கொழுந்தே இல்லை என்று கோபப்பட்டார். ஒப்பாரி பாடிக் காட்டச் சொல்லி ஒருமுறை நான் கேட்டு, அம்மா மறுத்துவிட்டிருந்தார். அன்று பறித்துக்கொண்டே யாருக்கோ வைத்த ஒப்பாரியின் இரண்டு அடியை, அழாமல், மூச்சு வாங்க, கையின் தாளத்துக்குச் சொல்லிவிட்டு நிறுத்திக்கொண்டார். தலவாக்கலையும் பந்தலூரும் அவர் பேச்சில் ஒரே மலைத்தொடராக இருந்தன. இந்தச் சரிவு அந்தச் சரிவை நினைவுபடுத்தும், அந்தச் சரிவு ஓர் ஆளை, அந்த ஆள் ஒரு சண்டையை. தேதி ஒன்றுகூட வரவில்லை. நாற்காலியில் தேதி தவிர ஒன்றுமே வரவில்லை.

ரித்தி பான் என்ற கம்போடிய இயக்குநரைப் பற்றி இந்த இடத்தில் சொல்லத் தோன்றுகிறது. கெமர் ரூஜ் ஆட்சியில் பெற்றோரையும் உடன்பிறந்தவர்களையும் பறிகொடுத்து, 1979-ல் தாய்லாந்து எல்லை தாண்டி, பிறகு பாரிஸ் போய்ச் சேர்ந்தவர். அந்த ஆட்சி கைதிகளை வதைத்துக் கொன்ற துவோல் ஸ்லெங் சிறையைப் பற்றி அவர் 2003-ல் கொண்டுவந்த படத்தில், அங்கே காவலாளியாக இருந்த ஒருவர் காலி அறைக்குத் திரும்பி வருவார். என்ன செய்தாய் என்று கேட்டால் வார்த்தை சரியாக வராது. செய்து காட்டத் தொடங்கியதும் உடம்பு எல்லாவற்றையும் சொல்லிவிடும். பூட்டைச் சோதிப்பது, அதட்டுவது, தண்ணீர் கொடுப்பது என இல்லாத கைதிகளுக்கு நடுவே நடந்துகொண்டே இருப்பார். அங்கே நடப்பது குற்றம் செய்தவனின் உடம்பு, இங்கே நான் பார்த்தது உழைத்த உடம்பு. இரண்டையும் ஒரே தராசில் வைக்க மாட்டேன், வைக்கவும் கூடாது. ஆனால் கேள்விக்குப் பிடிபடாத நினைவு உடம்பில் தங்கியிருக்கும், அது வெளியே வர இடமும் வேலையும் வேண்டும் என்ற பாடத்தை நான் எடுத்துக்கொண்டது அவரிடமிருந்துதான்.

திரும்பிப் போகும் காட்சி

இந்தப் படத்துக்குப் பணம் திரட்டும்போது நான் அதிகம் கேட்ட யோசனை, அவரைத் தலவாக்கலைக்கு அழைத்துப் போங்கள் என்பது. பிறந்த லயத்தின் வாசலில் அவர் நிற்க வேண்டும், அதுதான் படத்தின் உச்சம் என்றார்கள். நான் அம்மாவிடம் கேட்டேன். அவர் யோசிக்கக்கூட இல்லை. "அங்க இப்ப வேற ஆளு குடியிருப்பாங்க தம்பி. அவங்களும் நம்மளாட்டம் கஷ்டப்பட்ட சனந்தான். அவங்க வாசல்ல போயி நின்னு நான் அழுவவா? அவங்க என்ன நெனைப்பாங்க?" இதற்குப் பதில் சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை. பிறந்த இடத்தில் அவரை நிறுத்தினால் அவர் முழுமையாகிவிடுவார் என்பது நம் கற்பனை. இங்கே அவர் நட்ட மலை இருக்கிறது, புருஷனைப் புதைத்த இடம் இருக்கிறது. அங்கே அண்ணன் வழிப் பிள்ளைகள் இருக்கிறார்கள். எது ஊர் என்று அவர் தேடிக்கொண்டிருக்கவில்லை. இரண்டும் அவருக்கு ஊர்தான். ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொல்லி வற்புறுத்தியது காகிதங்கள்.

அவருக்குத் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது வேறு. அவர் அப்பா கல் சுமந்து கட்டிய மாரியம்மன் கோயில் இப்போது எப்படி இருக்கிறது என்பது. பேரன் யூடியூபில் தேடி, அந்தத் தோட்டத்துத் திருவிழாவை யாரோ செல்போனில் எடுத்துப் போட்டிருந்த வீடியோவைக் கண்டுபிடித்தான். அம்மா போனை முகத்துக்கு மிக அருகில் பிடித்துக்கொண்டு பார்த்தார். கண்ணீர் இல்லை, ஒரே குறை. "தேரு ஏன் இந்தப் பக்கமா வருது? மேல் லயத்துக்குப் போயிட்டுத்தான் கீழ எறங்கணும். கேக்க ஆளு இல்லாம போச்சா?" திருவிழாவில் தனக்கு இன்னும் பாத்தியதை உண்டு என்று நினைக்கிறவர்தான் இப்படிக் கேட்பார். அந்தக் காட்சியை முழுசாகப் படத்தில் வைத்திருக்கிறேன். கடல் தாண்டி நாங்கள் போயிருந்தால் இதைவிட ஒன்று கிடைத்திருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

பேரனுக்கு இதெல்லாம் வேறு மாதிரி. கோயம்புத்தூரில் ஒரு கம்பெனியில் வேலை பார்க்கிறான், மாதம் ஒருமுறை வருகிறான். படத்தில் தன் பெயருக்குக் கீழே 'சிலோனிலிருந்து வந்த குடும்பம்' என்று போடக் கூடாது என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டான். "நான் கூடலூர்ல பொறந்தவண்ணே. பள்ளிக்கூடத்துல சிலோன்காரப் பயன்னு கூப்பிட்டுக் கூப்பிட்டே காது புளிச்சிருச்சு" என்றான். அவன் சாதிச் சான்றிதழுக்கு அலைந்த கதை தனி. பூர்வீகம் எந்தக் கிராமம், அதற்கு என்ன ஆதாரம் என்று ஓர் அலுவலகத்தில் கேட்டிருக்கிறார்கள். வெள்ளைக்காரர் காலத்தில் திருச்சிப் பக்கத்திலிருந்து போன கொள்ளுத்தாத்தாவின் ஊருக்கு இவன் என்ன ஆதாரம் காட்டுவான்? கடைசியில் உதவியது அப்பாயியின் அந்த லேமினேட் செய்த அட்டைதான். அவன் அன்று நாற்காலிக் காட்சியைப் பார்த்துச் சிரித்தானே தவிர, அந்த அட்டையை வீட்டில் எங்கே வைத்திருக்கிறார்கள் என்று இருட்டிலும் அவனுக்குத் தெரியும். அடையாளம், வேர் என்றெல்லாம் நாம் படங்களில் பேசுகிறோம். அவனைப் பொறுத்தவரை அது எந்த அலுவலகத்தில் எந்த ஜன்னலில் கேட்பார்கள் என்ற விஷயம். இதையும் படத்தில் பேச வேண்டும் என்பதில் நான் பிடிவாதமாக இருக்கிறேன். நினைவை மட்டும் காட்டிவிட்டு இன்று நடப்பதை விட்டால், இடப்பெயர்வு எப்போதோ முடிந்துபோன சமாசாரம் என்று ஆகிவிடும். 2022-ல் டேன்டீ நிலத்தின் ஒரு பகுதியை வனத்துறைக்கே திருப்பிக் கொடுக்கும் முடிவு வந்தபோது, அந்த லயன்களில் எழுந்த முதல் பேச்சு, மறுபடியும் எங்கே போவது என்பதுதான்.

முதல் வெட்டு முடிந்ததும் லேப்டாப்பை எடுத்துக்கொண்டு போய் வீட்டில் எல்லோருக்கும் போட்டுக் காட்டினேன். நாற்காலிக் காட்சி வரும்போது, இதை எடுத்துவிடப் போகிறேன் என்றேன். மகனும் மருமகளும் சரியென்று தலையாட்டினார்கள். அம்மாதான் ஒத்துக்கொள்ளவில்லை. "அத ஏன் எடுக்கணும்? அப்படித்தான் கேட்டாங்க, அப்படித்தான் சொன்னோம். எங்கப்பா சொல்லத் தெரியாமத்தான மருகிச் செத்தாரு. நான் ஒரு எழுத்து தப்பாமச் சொல்லிருக்கேன்ல, அது இருக்கட்டும்" என்றார். நான் அவமானமாக நினைத்ததை அவர் தன் கெட்டிக்காரத்தனமாகப் பார்த்திருக்கிறார். அப்பா தோற்ற பரீட்சையில் மகள் தேறியிருக்கிறார். ஒரே ஒரு நிபந்தனை போட்டார்: "நம்பர மட்டும் வெளிய விட்றாத தம்பி. பேரன் வேலைக்குப் போற பய, எவனாச்சும் ஏதாச்சும் செஞ்சுருவான்."

அதனால் அந்தக் காட்சி படத்தில் இருக்கிறது. அட்டையில் எண் இருக்கும் பகுதியை மறைத்திருக்கிறோம். அவர் எண்ணைச் சொல்லும் இடத்தில் குரலைத் தணித்து, அன்று காலை கூரையிலிருந்து சொட்டிக்கொண்டிருந்த மழைநீரின் சத்தத்தை ஏற்றியிருக்கிறோம். அதை எங்கே வைப்பது என்பதில்தான் எனக்கும் எடிட்டருக்கும் இன்னும் சண்டை. படம் அதில் தொடங்க வேண்டும், பார்ப்பவர் ஒரே நொடியில் உள்ளே வந்துவிடுவார் என்கிறார் அவர். அவர் சொல்வது தொழில்ரீதியாகச் சரி. ஆனால் நான் அதைச் செடி வரிசைக்கும் திருவிழா வீடியோவுக்கும் பிறகுதான் வைப்பேன். கங்காணி வீட்டுப் பந்தியையும் ஆறாம் நம்பர் மலையையும் கேட்டு முடித்தவர்கள் அந்த நாற்காலியைப் பார்க்கும்போது, யாரிடம் இந்தக் கேள்விகளைக் கேட்டிருக்கிறார்கள் என்று அவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். முதல் திரையிடலைத் தோட்டத்திலேயே, மழைக்காலம் முடிந்ததும், கொழுந்து நிறுக்கும் கொட்டகையில் வைத்துக்கொள்ளலாம் என்று பேசியிருக்கிறோம்.